அறுபது டாலர் டிக்கெட் எங்கே போய் முடியும்?

ஏப்ரல் பிறந்தால் சிகாகோ தெருக்களில் மரங்கள் துளிர்ப்பதற்கு முன்பே ஆரஞ்சு நிற அட்டைகள் முளைத்துவிடும். மரத்தண்டிலோ விளக்குக் கம்பத்திலோ கட்டியிருப்பார்கள். நாளை இந்தத் தெருவைப் பெருக்கப் போகிறோம், இன்ன மணியிலிருந்து இன்ன மணிவரை வண்டி நிறுத்தாதீர்கள் என்பதுதான் செய்தி. பெரும்பாலும் காலை 9 மணியிலிருந்து பிற்பகல் 2 மணிவரை. முந்தைய நாள் கட்டிய அட்டை இரவு மழையில் நனைந்து காலையில் ஒரு பக்கமாகச் சுருண்டு தொங்கும். ஊரிலிருந்து புதிதாக வந்து, முதல் காரை வாங்கி, வாசலில் நிறுத்திய களிப்போடு தூங்கப் போனவர் கண்ணில் அது படுவதே இல்லை. மறுநாள் மதியம் வந்து பார்த்தால் கண்ணாடி வைப்பருக்கு அடியில் அதே ஆரஞ்சு நிறத்தில் ஓர் உறை இருக்கும். உள்ளே 60 டாலர் அபராதச் சீட்டு. இங்கே டிக்கெட் என்பார்கள்.

வேலைக்கோ படிப்புக்கோ இங்கே வரும் நம் பிள்ளைகளிடம் இதைப் பற்றிப் பேசினால் உடனே ஒரு பதில் வரும். "அறுபது டாலர்தானே, கட்டிட்டாப் போச்சு." கட்டிவிட்டால் போச்சு என்பது சரிதான். கட்டாமல் விட்டால் என்ன ஆகும் என்பதுதான் பலருக்கும் தெரிவதில்லை. ஒரே சீட்டு ஒருவருக்கு 60 டாலரோடு முடிகிறது, இன்னொருவருக்குக் காரையே கொண்டுபோய்விடுகிறது. அது எப்படி நடக்கிறது என்று கடைசிவரை தொடர்ந்து போய்ப் பார்ப்போம்.

முதலில், தெருவைப் பெருக்குவதற்கு ஏன் இத்தனை கெடுபிடி?

தெருவில் சேரும் குப்பை நடுவில் கிடப்பதில்லை. ஓடுகிற சக்கரங்களும் காற்றும் மழையும் எல்லாவற்றையும் ஓரத்துக்குத் தள்ளுகின்றன. நடைபாதை விளிம்பை ஒட்டிய அந்த ஓரடி, இரண்டடிப் பட்டையில்தான் இலை, மண், சிகரெட் துண்டு, பிரேக்கிலிருந்து உதிர்ந்த உலோகத்தூள், எண்ணெய்க் கசடு எல்லாம் சேர்ந்து கிடக்கும். பெருக்கும் வண்டியின் பக்கவாட்டில் வட்டமாகச் சுழலும் துடைப்பம் இருக்கிறதே, அது அந்தப் பட்டைக்காகவே அமைந்தது. விளிம்பை உரசிக்கொண்டு போய்க் குப்பையை வண்டிக்கு அடியில் தள்ளும். தூசி பறக்காமலிருக்க முன்னால் தண்ணீர் தெளித்துக்கொண்டே போகும். நடுவில் ஒரு கார் நின்றால் வண்டி வெளியே வளைந்து, அதைக் கடந்து, மறுபடி உள்ளே திரும்ப வேண்டும். அந்தக் காரின் நீளம் மட்டும் விடுபடுவதில்லை, முன்னும் பின்னும் ஒவ்வொரு கார் நீளம் சேர்ந்தே விடுபடும்.

எங்கள் தெருவில் ஓர் அக்டோபர் காலையில் இதைப் பக்கத்திலிருந்து பார்த்தேன். வண்டி போன பிறகு தெரு ஓரம் கழுவி விட்டதுபோல் இருந்தது, ஒரே ஒரு காரைச் சுற்றி மட்டும் மேப்பிள் இலைகள் முழங்கால் உயரம் குவிந்து கிடந்தன. காரின் பின்சக்கரத்துக்கு அருகில்தான் சாக்கடைக் கம்பி வாய். அன்று மாலை நல்ல மழை. இலை போய் அந்த வாயை அடைத்துக்கொண்டது. தண்ணீர் நடைபாதை வரை ஏறி நின்றது. இரண்டு வீடு தள்ளிக் குடியிருக்கும் பெரியவர் மண்வெட்டியோடு வந்து மழையில் நனைந்தபடியே இலையை வாரி எடுத்தார். சிகாகோவில் மழைநீருக்கும் வீட்டுக் கழிவுநீருக்கும் பெரும்பாலும் ஒரே குழாய்தான். அது நிரம்பினால் தண்ணீர் வீட்டு அடித்தளத்தில் பொங்கி வரும். இங்கே அடித்தள அறைகளில் குடியிருக்கிற குடும்பங்கள் உண்டு. அதனால் பெருக்குவது வெறும் அழகுக்கான வேலை இல்லை, அதற்கு இடம் விடச் சொல்வதும் நியாயமான கோரிக்கைதான். இதில் எனக்குச் சந்தேகமே கிடையாது.

இன்னொரு சங்கதி. அமெரிக்காவில் மோட்டார் பூட்டிய பெருக்கும் வண்டி பிறந்தது இந்த வட்டாரத்தில்தான். சிகாகோவுக்கு வடமேற்கே உள்ள எல்ஜின் நகரில், ஜான் மர்ஃபி என்பவர் 1910-களில் அதை உருவாக்கினார். முதல் வண்டியை வாங்கியது ஐடஹோ மாநிலத்தின் பாய்சி நகரம். அதற்கு முன் குதிரை வண்டியும் ஆள் கைத் துடைப்பமும்தான்.

சரி, சீட்டுக்கு வருவோம். இதைப் பார்த்ததும் நம்மவர்களுக்கு வயிற்றைக் கலக்குவது வேறு ஒரு பயம். போலீஸ் கேஸா? விசாவுக்கு வில்லங்கம் வருமா? இன்சூரன்ஸ் ஏறுமா? சிகாகோவில் இது குற்ற வழக்கே இல்லை, நகர நிர்வாகம் போடும் சிவில் அபராதம். கைது, காவல் நிலையம் எதுவும் இதில் வராது. வண்டி ஓட்டும்போது செய்த தவறும் இல்லை என்பதால் லைசென்ஸில் தண்டனைப் புள்ளி விழாது, இன்சூரன்ஸ் கட்டணமும் இதனால் ஏறாது. சீட்டு ஓட்டியவர் பெயரில் வருவதில்லை, நம்பர் பிளேட் யார் பெயரில் பதிவாகியிருக்கிறதோ அவர் பெயரில் வரும். நண்பர் வாங்கிப்போய் நிறுத்தினாலும் கட்ட வேண்டியவர் நீங்கள்தான். வாடகைக் கார் என்றால் அபராதம் முதலில் கம்பெனிக்குப் போகும், அவர்கள் தங்கள் பங்குக்கு ஒரு கட்டணம் சேர்த்து உங்கள் கார்டிலிருந்து எடுத்துக்கொள்வார்கள்.

இதுவரை எல்லாமே 60 டாலருக்குள்தான். கட்டவும் இல்லை, மறுக்கவும் இல்லை என்றால் நகரம் பதிவு முகவரிக்கு நோட்டீஸ் அனுப்பும். அதற்கும் பதில் இல்லை என்றால் நீங்கள் பொறுப்பாளி என்று முடிவாகிவிடும். அதன் பிறகும் கெடு தாண்டினால் அபராதம் இரட்டிப்பு, அதாவது 120. கடன் வசூலுக்குப் போனால் வசூல் செலவு என்று 22 சதவீதம் வரை சேர்ப்பது சிகாகோவின் வழக்கம். அப்போது 146 டாலர் 40 சென்ட். இலை குவிந்து கிடந்தது அதே ஒரு காலையில்தான், கடன் மட்டும் கிட்டத்தட்ட இரண்டரை மடங்கு ஆகிவிட்டது.

முகவரி என்ற சொல்லை லேசாகக் கடந்துபோக வேண்டாம். நம் பிள்ளைகள் பெரும்பாலும் மாட்டிக்கொள்வது அங்கேதான். எங்கள் கட்டடத்துக்குக் கோயம்புத்தூரிலிருந்து ஒரு தம்பி குடிவந்தார். முந்தைய அப்பார்ட்மென்ட்டில் இருந்தபோது அக்டோபரில் ஒரு டிக்கெட் வாங்கியிருக்கிறார். கிளவ் பாக்ஸில் வைத்தார், மறந்துவிட்டார். பிறகு வீடு மாறினார், காரின் பதிவில் முகவரியை மாற்றவில்லை. மே மாதம் அக்கா கல்யாணத்துக்கு ஆறு வாரம் ஊருக்குப் போனார். கார் தெருவிலேயே நின்றது. அந்த ஆறு வாரத்தில் பெருக்கும் வண்டி இரண்டு முறை வந்து போனது. அவர் திரும்பி வந்தபோது வைப்பரில் எதுவும் இல்லை, காற்றோ மழையோ கொண்டுபோயிருக்கும். நோட்டீஸெல்லாம் பழைய வீட்டுக் கதவுக்குப் போய்க்கொண்டிருந்தது. அடுத்த அக்டோபர் வருவதற்குள் ஒருநாள் காலையில் போன் அடித்தார். "அண்ணா, வண்டிச் சக்கரத்துல மஞ்சளா என்னமோ மாட்டி வெச்சிருக்காங்கண்ணா."

அதுதான் பூட்டு. இங்கே பூட் என்பார்கள். முன்சக்கரத்தைக் கவ்விக்கொள்ளும் கனத்த இரும்பு. இறுதி முடிவாகிக் கட்டாமல் கிடக்கும் டிக்கெட் மூன்று சேர்ந்தால் போதும், அல்லது ஒரு வருஷத்துக்கு மேல் பழையது இரண்டு இருந்தால் போதும், சிகாகோவில் பூட்டு மாட்டலாம். அந்தத் தம்பியிடம் சரியாக மூன்று இருந்தது. நேரத்தில் கட்டியிருந்தால் 180 டாலர். அவர் கட்டியது 360, பூட்டைக் கழற்றும் கட்டணம் அதற்கு மேல் தனியாக. அன்றைய வேலை நாளும் போனது. அவரிடம் பணம் இருந்ததால் அன்றே முடிந்தது. குனிந்து அந்த இரும்பைத் தொட்டுப் பார்த்துக்கொண்டு நின்ற அவர் முகம் இன்னும் எனக்கு மறக்கவில்லை. ஏதோ பெரிய தப்பு செய்து பிடிபட்டவர்போல நின்றார். செய்தது முகவரி மாற்றாமல் விட்டது, அவ்வளவுதான். இல்லினாய் மாநிலத்தில் வீடு மாறினால் பத்து நாட்களுக்குள் மாநில அலுவலகத்துக்குத் தெரிவிக்க வேண்டும் என்பது விதி. ஆன்லைனிலேயே முடிகிற வேலை.

பணம் இல்லாதவருக்கு இங்கிருந்துதான் பள்ளம் தொடங்குகிறது. பூட்டு மாட்டியதும் கெடு ஓட ஆரம்பிக்கும். கட்டாவிட்டால் காரை இழுத்துப்போய், பிடித்த வண்டிகளை வைக்கும் நகர வளாகத்தில் நிறுத்துவார்கள். இழுத்த கூலி, நிறுத்திவைக்கும் நாள்வாடகை என்று ஒவ்வொரு நாளும் ஏறும். மீட்க முடியாமல் நாட்கள் ஓடினால் கார் விற்பனைக்குப் போய்விடும். அப்படிச் சிகாகோவில் ஆயிரக்கணக்கான கார்கள் போயிருக்கின்றன. விற்ற பணம் கடனில் கழிக்கப்படவில்லை என்பது 2019-ல் உள்ளூர் வானொலி நிலையமான டபிள்யூ.பி.ஈ.இசட் வெளிக்கொண்டுவந்த செய்தி. காரும் போய், கடனும் அப்படியே நிற்கும். காரில்தான் வேலைக்குப் போகிறவர் என்றால் வேலையும் ஆட்டம் காணும். மாநில வருமான வரியில் திரும்ப வரவேண்டிய பணம் இருந்தால் அதையும் நகரம் பிடித்துக்கொள்ள இல்லினாயில் வழி உண்டு.

கூலியை வைத்துப் பார்த்தால் இது இன்னும் தெளிவாகும். சிகாகோவில் குறைந்தபட்சக் கூலி 2024 ஜூலையில் மணிக்கு 16 டாலர் 20 சென்ட் ஆனது. அந்தக் கூலி வாங்குகிறவருக்கு 60 டாலர் என்பது கிட்டத்தட்ட நான்கு மணி நேர உழைப்பு. அதுவே 146 ஆனால் ஒன்பது மணி நேரம், ஒரு முழு நாளைக்கும் மேல். அபராதத்தில் எல்லாருக்கும் ஒரே எண்தான், ஆனால் தெருவில் காரை நிறுத்துகிறவர் யார்? சொந்த வீடும் பின்சந்தில் கராஜும் உள்ளவர் காருக்கு இந்தச் சீட்டு வருவதே இல்லை. வாடகைக்கு இருப்பவர், ராத்திரி ஷிப்ட் முடித்து விடிகாலையில் வந்து படுத்து 9 மணிக்கு எழ முடியாதவர், இவர்களுக்குத்தான் வரும். இந்த ஏற்றத்தாழ்வு எனக்கு உறுத்துகிறது. அழுக்கு எல்லாருடைய தெருவிலும் சேர்கிறது, செலவு ஒருசாராரிடம் போய்ச் சேர்கிறது.

இது ஏதோ சிலருடைய சோகம் என்று நினைத்துவிடாதீர்கள். 2018-ல் புரோபப்ளிகா என்ற புலனாய்வு ஊடகமும் டபிள்யூ.பி.ஈ.இசட் வானொலியும் சிகாகோவின் டிக்கெட் பதிவுகளை அலசின. நீதிமன்றத்தின் மேற்பார்வையில் சில வருஷங்களில் கடனை அடைக்கும் ஒருவகைத் திவால் மனு அமெரிக்காவில் உண்டு, திவால் சட்டத்தின் 13-ஆம் அத்தியாயத்தின்படி. அப்படி மனு போட்டவர்களில் நகரத்துக்குக் கடன் வைத்திருந்தவர்கள் 2007 வாக்கில் வருஷத்துக்குச் சுமார் 1,000 பேர். பத்து வருஷத்தில் அது சுமார் 10,000 ஆனது. அந்தக் கடன்களில் பெரும்பாலும் இருந்தவை டிக்கெட்டுகள். நகரத்துக்கு வைத்திருந்த கடனும் ஆளுக்கு ஏறக்குறைய 1,500 டாலரிலிருந்து 3,900 டாலராக ஏறியிருந்தது. மனு போட்டால் பிடிபட்ட கார் திரும்பக் கிடைக்கும், பறிபோன லைசென்ஸ் மீளும் என்பதற்காகவே பலர் அந்த வழியில் போனார்கள். அதிகம் சிக்கியவர்கள் நகரின் தெற்கிலும் மேற்கிலும் கறுப்பின மக்கள் வாழும் ஏழைப் பகுதிகளைச் சேர்ந்தவர்கள். அந்தக் கடன்கள் எல்லாமே தெரு பெருக்கும் டிக்கெட் இல்லை. வண்டிக்கு ஒட்டவேண்டிய நகர ஸ்டிக்கர் இல்லாததற்கு 200 டாலர் அபராதம், மீட்டர், கேமரா என்று எல்லாம் கலந்தது. ஆனால் கட்டாமல் விட்டால் எல்லாமே போய் நிற்பது அதே பூட்டில்தான்.

இந்த விவகாரம் அமெரிக்க உச்ச நீதிமன்றம் வரை போனது. திவால் மனு போட்டதுமே பிடித்து வைத்த காரை நகரம் திருப்பித் தந்தாக வேண்டுமா என்பது கேள்வி. கீழே உள்ள மேல்முறையீட்டு நீதிமன்றம் தரவேண்டும் என்றது. 2021 ஜனவரியில், சிகாகோ நகரம் எதிர் ஃபுல்டன் வழக்கில், காரைத் தன்னிடமே வைத்திருப்பது மட்டும் மனு போட்டவரின் சொத்தைக் கைப்பற்றத் தடை விதிக்கும் திவால் சட்டப் பிரிவை மீறியதாகாது என்று உச்ச நீதிமன்றம் ஒருமனதாகத் தீர்ப்புச் சொன்னது. பார்க்கிங் சீட்டில் தொடங்கும் ஒரு கடன் நாட்டின் உச்ச நீதிமன்றத்தில் நின்றது என்பதை யோசித்துப் பாருங்கள்.

நல்லதும் நடந்திருக்கிறது. முன்பெல்லாம் பத்து பார்க்கிங் டிக்கெட் கட்டாமல் இருந்தால் ஓட்டுநர் லைசென்ஸையே முடக்கிவிடுவார்கள். லைசென்ஸ் இல்லாமல் வேலைக்குப் போக முடியாது, வேலைக்குப் போகாமல் கடனைக் கட்ட முடியாது. 2020 ஜனவரியில் இல்லினாய் ஆளுநர் ஜே. பி. பிரிட்ஸ்கர் கையெழுத்திட்ட சட்டம் அந்த வழக்கத்தை நிறுத்தியது. அந்த ஜூலையில் அது அமலுக்கு வந்தபோது 50,000-க்கும் மேற்பட்டவர்களுக்கு லைசென்ஸ் மீளும் வாய்ப்பு பிறந்தது. குறைந்த வருமானக்காரர்களின் பழைய டிக்கெட் கடனைத் தள்ளுபடி செய்யும் கிளியர் பாத் என்ற திட்டத்தையும் 2022-ல் சிகாகோ தொடங்கியது. அது இப்போதும் நடப்பில் இருக்கிறதா, உங்கள் வருமானத்துக்குப் பொருந்துமா என்று நகரத்தின் தளத்தில் பாருங்கள், தெரிந்தவர் யாருக்காவது பொருந்துமானால் சொல்லுங்கள். இப்படிப்பட்ட திட்டங்கள் தேவையானவர் காதில் விழாமலேயே போவது எனக்கு எப்போதும் வருத்தம்.

மற்ற நகரங்களில் கணக்கு வேறு. லாஸ் ஏஞ்சலஸில் இதே டிக்கெட் பல வருஷமாக 73 டாலராக இருந்தது, நேரத்தில் கட்டாவிட்டால் அங்கும் இரட்டிப்பு. நியூயார்க்கில் 1950-லேயே தொடங்கிய ஏற்பாடு இது. ஒருநாள் தெருவின் ஒரு பக்கம், இன்னொரு நாள் மறுபக்கம் காலியாக விடவேண்டும். மன்ஹாட்டனில் 96-ஆம் தெருவுக்குத் தெற்கே 65 டாலர். அங்கே கெடு தாண்டினால் ஒரே அடியாக இரட்டிக்காமல் 10, 20, 30 என்று மூன்று தவணையாக 60 டாலர் வரை ஏறும். தீர்ப்பான கடன் 350 டாலரைத் தாண்டினால் காரைப் பிடிக்கலாம். நியூயார்க்கில் தீபாவளியன்று இந்த விதிக்கு விடுமுறை உண்டு, அன்று தெருவில் காரை நிறுத்திவிட்டு நிம்மதியாகப் பலகாரம் சாப்பிடலாம். பெருக்கும் வண்டி போய்விட்டது, இனி நிறுத்தலாம் என்று மட்டும் அந்த ஊரில் நினைக்கக் கூடாது. பலகையில் போட்ட நேரம் முடியும்வரை விதி நடப்பில் இருக்கும்.

இப்போது டிக்கெட் கையில் இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். தப்பு உங்களுடையது என்று தெரிந்தால் அன்று ராத்திரியே ஆன்லைனில் கட்டிவிடுங்கள். ஒரேயடியாகக் கட்ட முடியாவிட்டால் தவணைத் திட்டம் உண்டு, ஆனால் இரட்டிப்பதற்கு முன்பே கேட்பதுதான் புத்திசாலித்தனம். தப்பு உங்களுடையது இல்லை என்றால் மறுப்பதற்குத் தயங்காதீர்கள். அட்டையே கட்டவில்லை, கிளைக்குள் மறைந்திருந்தது, கீழே விழுந்து கிடந்தது, சீட்டில் நம்பரோ இடமோ தேதியோ தப்பு, இவையெல்லாம் வாதத்துக்கு நிற்கும் காரணங்கள். காரை நகர்த்துவதற்கு முன்பே போனை எடுத்து அந்தத் தெருத் துண்டை முனையிலிருந்து முனை வரை வீடியோ எடுங்கள். ஒவ்வொரு மரமும் கம்பமும் அதில் தெரியட்டும். காருக்குப் பக்கத்தில் அட்டை இல்லை என்று ஒரு படம் மட்டும் காட்டினால் நாலு மரம் தள்ளி இருந்திருக்குமே என்று கேட்பார்கள். இந்த மனுக்களை விசாரிக்க நகரத்தில் தனியாக நிர்வாக விசாரணைத் துறை இருக்கிறது. தபாலிலும் அனுப்பலாம், நேரிலும் போகலாம். வக்கீல் வைக்கத் தேவையில்லை. அங்கே தோற்றாலும் 35 நாட்களுக்குள் குக் கவுண்டி நீதிமன்றத்துக்குப் போக முடியும், ஆனால் 60 டாலருக்காக அவ்வளவு தூரம் போகிறவர்கள் குறைவு.

டிக்கெட் வராமல் பார்த்துக்கொள்வது இதையெல்லாம்விடச் சுலபம். சிகாகோ 50 வார்டுகளாகப் பிரிந்தது. எந்த வார்டில் எந்தத் துண்டு என்றைக்கு என்று சீசன் தொடங்கும்போதே நகரம் தளத்தில் போட்டுவிடும். உங்கள் தெருவின் தேதிகளை நவம்பர் வரை போன் காலண்டரில் ஏற்றி, முந்தைய நாள் இரவு எட்டு மணிக்கு மணி அடிக்கும்படி வையுங்கள். அந்தத் தேதியையே முழுக்க நம்பவும் வேண்டாம். மழையில் வேலை தள்ளிப்போகும், அப்போது மரத்தில் தொங்கும் அட்டை சொல்வதுதான் கணக்கு. சில பெரிய தெருக்களில் அட்டையே வராது, வாரத்தின் இன்ன நாள் என்று நிரந்தரப் பலகை இருக்கும்.

ஊருக்குக் கிளம்புகிறவர்களுக்கு இன்னும் ஒன்று சொல்ல வேண்டும். பெட்டி எடை பார்ப்பதற்கு முன், காரை எங்கே விடுகிறோம் என்று பாருங்கள். கராஜ் உள்ள நண்பர் இருந்தால் அங்கே விடுங்கள். இல்லையென்றால் அதே தெருவில் இருக்கும் ஒருவரிடம் சாவியைக் கொடுத்து, நீங்கள் இல்லாத வாரங்களில் வரும் பெருக்கும் தேதிகளை வாட்ஸ்அப்பில் அனுப்பி வையுங்கள். அந்தக் கோயம்புத்தூர்த் தம்பி போன வருஷம் மறுபடி ஊருக்குப் போனபோது சாவி என்னிடம்தான் இருந்தது. இரண்டு முறை காலை எட்டரைக்கு இறங்கிப் போய் காரை எதிர்ப்பக்கம் மாற்றி நிறுத்தினேன். திரும்பி வந்தபோது அன்னபூர்ணா சாம்பார்ப் பொடி ஒரு கிலோ கொண்டுவந்து கொடுத்தார்.